வெள்ளையாகிப் போன நீல வீடு

ஃபொன்டைனாஸ், பணஜி

நம் லூசியாவின் அப்பாவுக்கு அன்புடனும் மரியாதையுடனும் எழுதுவது. மாதா தயவால் நான் சுகம். உங்கள் முட்டி வலி எப்படி? பேரன் சரியாகச் சாப்பிடுகிறானா?

மழை முடிந்து தெருவெல்லாம் சுண்ணாம்பு பூசுகிறார்கள். எஜமானியம்மா பம்பாய் போகும்போது, முதல் முறையாக இந்த வருஷம் வீட்டுக்கு நீலம் பூசும் பொறுப்பை என்னிடம் விட்டார். வேலைக்காரியை நம்பிக் கெட்டாரென்று யாரும் சொல்லிவிடக் கூடாதே என்பதுதான் என் கவலை. ஈரத்தில் நிறம் அழுத்தமாகத் தெரிந்ததால் சுண்ணாம்பில் கலக்கும் நீலத்தைக் குறைத்துவிட்டேன். காலையில் காய்ந்தபின் பார்த்தால் வீடு முழுக்க வெள்ளை! இங்கே மாதா கோயிலுக்கு மட்டும்தான் வெள்ளை பூசுவார்கள். வழியில் போன பெரியவர் ஒருவர் தொப்பியைக் கழற்றிச் சிலுவை போட்டுக்கொண்டார்.

எதிர்வீட்டு ஃபெலிசியானா ஜன்னலிலிருந்து, "ஏய் செபஸ்தியானா, பூசை எத்தனை மணிக்குடி? பாவசங்கீர்த்தனமும் நீயே கேப்பியா?" என்று கத்தினாள்.

"உன் பாவத்தைக் கேக்க ஒரு நாள் பத்தாது. வந்து ஏணியைப் புடி!" என்றேன்.

அன்றே நீலத்தை அள்ளிப் போட்டு மறுபடி பூசினோம். உயரமான இடங்களை அவள் மகன் ஏறிப் பூசினான், பயப்படாதீர்கள்.

மறுநாள் எஜமானியம்மா திரும்பி வந்து, தெருவிலேயே நின்று பார்த்தார். "போன வருஷத்தைவிட நல்லாருக்கே. அடுத்த தடவை நிறத்தையும் நீயே சொல்லு" என்றார். நம் படகின் பச்சை என்று சொல்லிவிட்டேன்.

கலக்கும்போது பக்கத்தில் வைத்துப் பார்க்க, படகின் ஓரத்தில் அந்தப் பச்சையைக் கொஞ்சம் சுரண்டிக் காகிதத்தில் மடித்து அனுப்புங்கள். அடுத்த வருஷம்தானே என்று இருக்காமல் இப்போதே அனுப்புங்கள். அடுப்பில் கறி கொதிக்கிறது, நிறுத்துகிறேன்.

உங்கள்
செபஸ்தியானா