நசுங்காத தொட்டி

அத்தை,

சோயாமுளை சூப் அடுப்பில் இருக்கிறது, சுடவைத்துச் சாப்பிடுங்கள். நான் செய்த ஸ்டூலை வாங்க ஒருவர் வருவார், கொடுத்துவிடுங்கள்.

“உன் மரத்தூளாலதான் பேத்தி இருமுறா, பட்டறைய மூடு” என்று நேற்று நீங்கள் கத்த, நானும் கத்திவிட்டேன். தூள் விழுந்து சேர்வதற்காக நான் வாக்குவம் கிளீனரோடு இணைத்த பெயின்ட் வாளி, அது காற்றை இழுத்த வேகத்தில் நசுங்கியபோது சிரித்தீர்கள். இன்று காலை பட்டறை வாசலில் உங்கள் கனமான கிம்ச்சி ஊறுகாய்த் தொட்டி, கழுவித் துடைத்து!

பொருத்திவிட்டேன். கொஞ்சமும் நசுங்கவில்லை, தூளெல்லாம் அதற்குள்ளேயே விழுகிறது. உங்கள் பேத்தி சோயுல் என் பக்கத்தில் உட்கார்ந்து ஆரஞ்சு தின்றாள், இருமவே இல்லை.

நேரில் நன்றி சொல்ல வாய் வரவில்லை, அத்தை.

ஹேரின்

பி.கு.: சோயுலோடு சந்தைக்குப் போகிறேன். ஏதாவது வேண்டுமென்றால் போன் பண்ணுங்கள். திட்டுவதற்கானாலும் சரி.