வலி பூஜ்யம் என்று குறித்த திரை

மார்ச் 3
எண்ணுக்கும் எழுத்துக்கும் எட்டாத பெருமானே, எழுதும் இக்கையையும் இதனுள் கிடக்கும் சினத்தையும் நீயே தாங்குக.

இல்லாளுக்குப் பித்தப்பையை அகற்றிவிட்டார்கள். கட்டிலருகே பேசும் திரை ஒன்று. செயற்கை நுண்ணறிவாம். முதற்சொல் வரை ஒப்புகிறேன். "பூஜ்யத்திலிருந்து பத்துக்குள் உங்கள் வலி எவ்வளவு?" என்று குழைந்து கேட்கிறது. அவளோ விருந்தாளியிடம் பேசுவதுபோலக் கைகூப்பி, "ஆண்டவன் புண்ணியத்துல ஒண்ணுமில்லைப்பா, நீ நல்லா இருக்கியா?" என்கிறாள். வலி பூஜ்யம் என்று குறித்துக்கொண்டு அது நன்றி கூறுகிறது. பட்டம் பெற்ற கிளி!

மார்ச் 4
வீட்டுக்கு அனுப்பலாம் என்று திரை தீர்ப்பளித்துவிட்டது. மகன் பையைக் கட்டுகிறான்.

நாள்தோறும் பிசகாமல் ஓதும் பதிகத்தை இன்று பாதி அடியில் நிறுத்திப் பல்லைக் கடித்தாள். முழங்காலை மடித்தபடியே கிடக்கிறாள். மருத்துவர் வந்தார், அவர் கண்கள் திரையிடம் மட்டுமே போயின.

"டாக்டர், அவளுக்கு வலிக்குது."

"பெரியவரே, வலி இல்லைன்னு அம்மாவே சொல்லியிருக்காங்க. காய்ச்சலும் இல்லை."

"யார் கேட்டாலும் அவ அப்படித்தான் சொல்லுவா. பிரசவ வலியிலயும் அதையேதான் சொன்னா!"

மகன் சிரித்தான். "அப்பாவுக்கு மெஷின்னாலே ஆகாது டாக்டர்."

ஆகாதுதான். பெற்றவள் முகத்தைப் பாராமல் திரையைப் பார்க்கும் பிள்ளையும்தான் ஆகவில்லை.

மாலை —
வாசலை மறித்து நாற்காலியைப் போட்டு அமர்ந்தேன். சக்கர நாற்காலியைத் தள்ளி வந்தவர் திகைத்துப்போய் மருத்துவரை அழைத்து வந்தார். "அவ வயித்துல ஒரு தடவை கையை வைங்க. அப்புறம் எந்திரிக்கிறேன்" என்றேன். மருத்துவர் சலித்துக்கொண்டே கை வைத்தார். வயிறு பலகையாய் இறுகியிருந்தது. அவர் முகம் வெளுத்தது. "தியேட்டரை ரெடி பண்ணுங்க, உடனே!"

உள்ளே பித்தநீர் கசிந்து பரவியிருக்கிறதாம். என் தெய்வமே, அவளை விட்டுடு...

மார்ச் 5
உயிர் இருக்கிறது.

மார்ச் 9
மருத்துவர் விளக்கம் கொண்டுவந்தார். "சிஸ்டம் தப்பு பண்ணலைங்க ஐயா. அம்மா சொன்னதைத்தானே பதிஞ்சுது?"

"சொன்னதைப் பதியத்தான் அது இருக்கே. அப்புறம் நீங்க எதுக்குப் படிச்சீங்க?"

இப்போதெல்லாம் மருத்துவர் வந்தவுடன் உள்ளங்கைகளைத் தேய்த்துச் சூடாக்கி அவள் வயிற்றைத் தொட்டுப் பார்க்கிறார். மகன் தலைகுனிந்து நிற்கிறான். நிற்கட்டும்.

நண்பகலில் இல்லாள் என் விரலைப் பற்றினாள். "ஏங்க... வலி தாங்க முடியலைங்க. சிஸ்டரைக் கூப்பிடுங்க."

மணந்த நாள்முதலாய் நான் கேட்டிராத சொல். ஓடினேன். செவிலி திகைத்தாள்: "என்னய்யா, வலிக்குதுன்னு சொல்லிட்டுச் சிரிக்கிறீங்க?"

இதைப் புரட்டுவோரே, உம் இல்லத்தை நோய் அணுகாதிருக்க. அணுகினும், வாய்விட்டுச் சொல்லும் துணிவும் தொட்டுப் பார்க்கும் கையும் உமக்கும் உம்மவர்க்கும் வாய்க்க.