தலைவருக்கு ஒரு பொன்னாடை

அக்டோபர் 6, ஞாயிறு

அமெரிக்காவில், எங்கள் வெஸ்ட் வின்ட்சரில் நாள் முழுக்க மழை. துணி மடித்துக்கொண்டே லண்டன் டிவியின் நையாண்டி நிகழ்ச்சி ஒன்றைப் பார்த்தேன். பாட்டு, ஆட்டம், பொம்மை, நடுநடுவே செய்தி. பிரதமரைக் கிழித்தார்கள். சரி, அது எல்லாரும் செய்வதுதான். அடுத்து, தங்களுக்குச் சம்பளம் கொடுக்கும் சேனலையே அதே சேனலில் வாரு வாரென்று வாரினார்கள்! இப்படியும் ஒரு தைரியமா? வாய் பிளந்தபடி மறுபடி முதலிலிருந்து போட்டேன்.

அக்டோபர் 12

தீபாவளி விழாவுக்கு எங்கள் தமிழ்ச் சங்கத்திலும் அப்படி ஒரு நாடகம் போட்டால் என்ன? விஷயமா இல்லை? ஸ்பான்சர் ஒவ்வொருவருக்கும் பொன்னாடை, பிறகு தலைவர் உரை. நடனத்துக்கு மேக்கப் போட்ட குழந்தைகள் சலங்கையோடு தூங்கிவிடும். எல்லாரும் புலம்புவார்கள், பார்க்கிங் லாட்டில் மட்டும்.

சிக்கல் ஒன்றுதான். தலைவர் என் வீட்டுக்காரர்.

அக்டோபர் 19

ஒத்திகை. இலங்கைத் தோழி ரூபிகாதான் தலைவர் வேஷம். மைக் ஸ்டாண்டுக்கும் பொன்னாடை போர்த்துகிறாள். சிரித்து ஓய்ந்ததும் கேட்டாள்: "அக்கா, அண்ணைக்குத் தெரியுமோ?"

தெரியாது.

அக்டோபர் 27

சொல்லிவிட்டேன். "வேணாம் ஜலஜா. ஸ்பான்சரெல்லாம் முன்னாடி உக்காந்திருப்பாங்க. என்னைக் கோமாளி ஆக்கணுமா?" என்றார்.

கோமாளியா! நான் என்ன இல்லாததையா எழுதிட்டேன்? எப்பப் பாரு பயம், பயம்— இருந்தாலும் அவர் முகம் வாடியதைப் பார்த்தபின் எனக்குச் சோறு இறங்கவில்லை.

நவம்பர் 8

நிகழ்ச்சி நிரல் ஈமெயிலில் வந்தது. தலைவர் உரைக்கு முன்னால் எங்கள் நாடகம்! சேர்த்தது அவரேதான். ஏன் என்று கேட்கத் துணிச்சல் வரவில்லை.

நவம்பர் 9, சனி

அரங்கமே உருண்டு சிரித்தது. முன்வரிசையில் அவர் மட்டும் சிரிக்கவில்லை. முடிந்ததும், உரைத் தாள்களோடு மேடை ஏறினார். தொலைந்தேன் என்று நினைத்தேன்.

தாள்களைப் பைக்குள் வைத்தார். ஒரு பொன்னாடையைப் பிரித்து ரூபிகாவுக்குப் போர்த்தினார். "தலைவர் பேசியாச்சு. வாங்க, சாப்பிடப் போலாம்."

அப்படி ஒரு கைதட்டல் எங்கள் சங்கம் கேட்டதில்லை. நான் தட்ட மறந்து நின்றேன். இந்த மனுஷனோடா இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தினேன்?

நவம்பர் 10

காபி ஆற்றியபடி கேட்டார்: "நிஜமாவே நான் அவ்வளவு நேரம் பேசறேனா? உனக்கு என்ன தோணுது, சொல்லு."

சொன்னேன். சங்கத்தில் ஆரம்பித்து வீடு வரை வந்துவிட்டது பேச்சு. காபி ஆறிப்போயிற்று. ஓரிடத்தில்கூட அவர் குறுக்கே பேசவில்லை.