வெளிவராத தொடர் நம் வீட்டு டிவியில்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அம்மா எழுதுவது. எனக்கும் அப்பாவுக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை, நீயும் நோய்நொடி இல்லாமல் இருக்க வேண்டும். மனசுதான் சரியில்லை. போனில் சொன்னால் இரண்டு பேரும் அழுது விஷயம் பாதியில் நின்றுவிடும், அதனால் எழுதி, நாளைக்கு உன் பக்கம் வரும் சித்தப்பாவிடம் கொடுத்தனுப்புகிறேன்.

நீ திட்டுவாய் என்று உன்னிடம் மறைத்து அப்பா ரொம்ப நாளாக நம் கம்ப்யூட்டரில் திருட்டுத்தனமாகப் படம் காட்டும் ஒரு ஓசி ஆப் வைத்திருக்கிறார். அதை டிவியில் இணைத்து நேற்று ஒரு வெளிநாட்டுத் தொடர் பார்த்தோம். ஒரு குழந்தை அழும்போது கீழே தமிழ் சப்டைட்டிலில் ‘கொசுறு அழுகை’ என்று வந்தது. சின்ன வயதில் கேட்டது கைக்கு வந்த பிறகும் கொஞ்ச நேரம் அழுவாயே, அதற்கு நாம் வைத்த பெயர், வேறு யாருக்குத் தெரியும். நம்ம பொண்ணு எழுதினதுடி என்று அப்பா துள்ளினார். நான் டிவியை நிறுத்தினேன். அடுத்த மாதம்தான் வெளிவரும், அதுவரை மூச்சுவிடக் கூடாது என்று சொல்லி நீ சப்டைட்டில் எழுதிய தொடர் இதுதானே. லீவில் வந்தபோது உன் லேப்டாப் மக்கர் பண்ணி, தொடரை நம் கம்ப்யூட்டரில் ஏற்றி வைத்துத்தானே எழுதினாய். காலையில் ரிப்பேர்காரரைக் கூப்பிட்டோம். நீங்க படம் பார்த்தீங்க, அது உங்க கம்ப்யூட்டரைப் பார்த்துக்கிட்டிருந்துச்சு என்றார். உள்ளே இருந்ததையெல்லாம் வெளியே அனுப்பியிருக்கிறதாம், உன் தொடரும் இங்கிருந்துதான் போயிருக்கும் என்கிறார்.

ஊரே பார்க்குது, நான் மட்டுமா என்று அப்பா முறைத்தார். ஊர்ல எல்லார் பொண்ணுக்குமா வேலை போகப்போகுது என்று கேட்டேன். நானும் யோக்கியமில்லை, பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தவள்தானே. ஒவ்வொரு படத்தின் முடிவிலும் வேலை செய்தவர்கள் பெயரை வெட்டிவிட்டு சூதாட்ட விளம்பரம் போடுவார்கள், அதையும் பார்த்தோம். இதெல்லாம் யார் பெத்த பிள்ளை உட்கார்ந்து எழுதினதோ என்று ஒரு தடவை நினைத்ததில்லை.

மேனேஜர் கண்டுபிடிக்கும் முன்னால் நீயே போய்ச் சொல்லிவிடு. வீட்டு கம்ப்யூட்டரில் வைத்தது உன் தப்பு, ஆப் போட்டது எங்கள் தப்பு, இரண்டையும் சொல். எங்களைக் காப்பாற்றுவதாக நினைத்துப் பாதியை முழுங்காதே. ஆப்பை அழிக்கப் போனார் அப்பா, நான் விடவில்லை, அவர்கள் சோதிக்க வேண்டுமென்றால் அப்படியே இருக்கிறது. உன் பாஸ்வேர்ட் எல்லாவற்றையும் இந்தக் கடிதம் கைக்கு வந்ததுமே மாற்று, மறந்துவிடாதே.

என்ன நடந்தாலும் நீ தலைநிமிர்ந்து நன்றாக இருக்க வேண்டும். கீழே அப்பா எழுதியிருப்பதை உன் ஆபீசில் காட்டு.

உன்னையே நினைத்துக்கொண்டிருக்கும்
அம்மா

அந்த ஆப்பைப் போட்டது நான். என் பெண்ணுக்குத் தெரியாது.
அப்பா