பதினொரு பிள்ளைகளும் பாக்கியமும்

வைகாசி 1, சனி

காலையிலிருந்தே புழுக்கம். ஒரு இலை அசையவில்லை. துவைத்துப் போட்ட துணியிலெல்லாம் செம்மண் தூசி. அரிசி, மலாய்ப் படிக் கணக்கில் இரண்டு கந்தாங் அளந்து வைத்தேன், மாதக் கடைசி வரை தாங்கும். ஊறுகாய்க்கு எலுமிச்சை நாற்பது. இரண்டு அழுகல்.

எங்கள் வரிசையில் மூன்றாம் வீட்டுச் செல்லம்மா கொல்லைப்பக்கமாக வந்து கூப்பிட்டாள். முகத்தில் இரத்தமே இல்லை. போனேன். அவள் மகள் பாக்கியம் பாயில் கிடக்கிறாள். ஐந்து வயது. முகம், உள்ளங்கை, உள்ளங்கால் எங்கும் முத்து. ஜன்னலைச் சாக்கு வைத்து அடைத்திருக்கிறாள். தலைமாட்டில் வேப்பிலை.

"ஆத்தா வந்திருக்கா அக்கா. ஒனக்குத்தான் சின்னதிலேயே வந்து எறங்கிருச்சே, இனிமே ஒன்னை ஒண்ணும் செய்யாது. அதான் ஒன்னை மட்டும் கூப்பிட்டேன்."

"சுகாதார இன்ஸ்பெக்டருக்குத் தெரிஞ்சா?"

"அம்மைக் கொட்டகைக்குத் தூக்கிட்டுப் போயிருவாங்க. அங்க போன புள்ள திரும்புமா? யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்னு சொல்லு."

கற்பூரம் ஏற்றினாள். கையால் அணைத்துச் சத்தியம் செய்தேன். பாக்கியம் கண்ணைத் திறந்து "பெரிம்மா" என்றாள். அவளுடைய அப்பா ரயிலில் கரி தள்ளுகிறவர், வடக்கே போயிருக்கிறார். வர ஐந்தாறு நாள் ஆகும்.

வைகாசி 2, ஞாயிறு

அதே புழுக்கம். அம்மனுக்கு நூற்றெட்டுப் போற்றி சொன்னேன். பாதியில் எண்ணிக்கை தவறி மறுபடி முதலிலிருந்து.

இவர் வாசக சாலையிலிருந்து உற்சாகமாக வந்தார். அங்கே இன்று விவாதம். யாரோ வெள்ளைக்கார அறிஞரின் கொள்கையாம். ஒரு காரியம் நல்லதா கெட்டதா என்று அந்தக் காரியத்தைப் பார்த்துச் சொல்லக் கூடாது. அதனால் எத்தனை பேருக்குச் சுகம், எத்தனை பேருக்குத் துன்பம் என்று கூட்டிக் கழித்து, மிச்சம் எந்தப் பக்கமோ அதுதான் தர்மம். இவர் அந்தக் கட்சி. தமிழ்ப் பள்ளி வாத்தியார் எதிர்க்கட்சி.

சாப்பிட்டுக்கொண்டே நடித்துக் காட்டினார்.

"வாத்தியார் கேக்கறாரு, 'அப்ப நான் ஒருத்தனுக்குக் குடுத்த வாக்கை எந்தப் பக்கம் வெப்பீங்க?'ன்னு. நான் சொன்னேன், 'வாத்தியாரே, வாக்குக்கு வயித்து வலி வருமா? மனுசனுக்குத்தான் வரும்.' சபையே சிரிச்சிருச்சு!"

நானும் சிரித்தேன். வீட்டுக் கணக்கு எழுதுகிறவளுக்கு இந்தக் கொள்கை உடனே பிடித்துவிட்டது. எல்லாம் ஒரு தாளில் அடங்குகிறது.

பாத்திரம் கழுவும்போது வரிசைப் பிள்ளைகளை எண்ணினேன். முதல் வீட்டில் மூன்று. இரண்டாம் வீட்டில் இரட்டை. நாலாம் வீட்டில் நாலு. ஐந்தில் கைக்குழந்தை. ஆறில் எங்கள் லெட்சுமி. பதினொன்று. அம்மை குத்துகிறவர் வந்தால் பாதிப் பேரைத் தாய்மார்களே ஒளித்துவிடுகிறார்கள். லெட்சுமிக்கும் குத்தவில்லை. காய்ச்சல் வரும் என்று நான்தான் தள்ளிப் போட்டேன்.

எல்லாரும் ஒரே குழாயில் குளிக்கிறார்கள்.

வைகாசி 3, திங்கள்

பாசாருக்குப் போனேன். நெத்திலி, கத்தரிக்காய், நல்லெண்ணெய். திரும்பும் வழியில் சுகாதார ஆபீஸ். நேராக வீட்டுக்கு வர வேண்டியவள் படி ஏறினேன். சொல்லிவிட்டேன்.

இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தார். "பெரிய உபகாரம் செஞ்சீங்க அம்மா. உங்க பேரு வெளியில வராது. எப்ப வந்தா ரகளை இல்லாம இருக்கும்?"

செல்லம்மா செவ்வாய்க்கிழமை காலையில் அம்மனுக்கு மஞ்சள் நீர் ஊற்றக் கோயிலுக்குப் போவாள். அந்த ஒரு மணி நேரம் பிள்ளையை என்னிடம்தான் விட்டுப் போகிறேன் என்றிருக்கிறாள். அதைச் சொன்னேன். அவள் கண்ணால் பார்க்க வேண்டாமே. அவள் கதறலையாவது குறைக்கலாமே. அப்படித்தான் நினைத்தேன். இதைப் பொய்யில்லாமல் எழுதுகிறேன்.

வைகாசி 4, செவ்வாய்

வந்தார்கள். மாட்டு வண்டி, மேலே கித்தான். ஆள் இரண்டு பேர், முகத்தில் துணி. நான்தான் கதவைத் திறந்தேன். பாக்கியத்தைப் போர்வையில் சுற்றித் தூக்கினார்கள். அவள் அழவில்லை. "பெரிம்மா, அம்மா எங்க?" என்றாள். "பின்னாலயே வருவா" என்றேன்.

செல்லம்மா ஈரப் புடவையோடு, குடத்தோடு வந்தாள். பாய் இல்லை, பிள்ளை இல்லை. கொட்டகைக்காரர்கள் வந்து தூக்கிப் போய்விட்டார்கள் என்று மட்டும் சொன்னேன். குடத்தை உடைக்கவில்லை. மெதுவாக இறக்கி வைத்துவிட்டு, அப்புறம் ஓடினாள்.

வைகாசி 5, புதன்

அரைத்தூறல். கொட்டகையில் செல்லம்மாவை உள்ளே விடவில்லை. பிள்ளையோடு கூடவே வருகிற தாய்க்கு மட்டும் இடம் கொடுப்பார்களாம். பின்னால் வந்தால் முள்வேலிக்கு வெளியேதான். காவல்காரன் சொன்னானாம்: "நேத்தே வண்டியில ஏறியிருக்கணும்மா."

இது எனக்குத் தெரியாது. தாயே, சத்தியமாகத் தெரியாது.

(சத்தியம் என்ற சொல்லை எழுத எனக்கென்ன யோக்கியதை.)

மத்தியானம் வரிசை முழுக்க அம்மை குத்தினார்கள். லெட்சுமி கத்தினாள். பதினொருவருக்கும் ஆயிற்று.

வைகாசி 9, ஞாயிறு

செல்லம்மா தினமும் வேலிக்குப் போகிறாள். நேற்று அவள் புருஷன் வந்துவிட்டார், அவரும் கூடப் போகிறார். பாக்கியம் கண் திறக்கவில்லை என்று தோட்டி ஒருவன் சொன்னானாம். நான் அவர்கள் வீட்டுக்கும் சேர்த்துச் சோறு ஆக்குகிறேன். இரசம், அப்பளம். செல்லம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ இல்லேன்னா நான் என்ன அக்கா செய்வேன்" என்றாள். கையை இழுக்கவும் முடியவில்லை, வைத்திருக்கவும் முடியவில்லை.

வைகாசி 14, வெள்ளி

போய்விட்டாள். விடியற்காலை. உடம்பைக் கொடுக்கவில்லை, அங்கேயே சுண்ணாம்பு போட்டுப் புதைத்துவிட்டார்கள்.

வைகாசி 15, சனி

சமைக்கவில்லை. இவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். எழுந்து ஜன்னலைத் திறந்தார். பிறகு, "நீ செஞ்சது சரி. வெளிய பாரு, பதினொண்ணும் ஓடுது" என்றார்.

பார்த்தேன். ஓடுகிறார்கள். நொண்டியடிக்கிறார்கள். லெட்சுமிதான் முன்னால்.

பதினொன்று என்று எண்ணினேனே, உண்மையில் முதலில் எண்ணியது ஒன்றைத்தான். என் லெட்சுமியை. மற்றப் பத்தும் தராசில் கனத்துக்கு.

வைகாசி 17, திங்கள்

வெயில். குழாயடியில் சண்டை. காட்டிக்கொடுத்தது பால்காரி தாயம்மாதான் என்று முடிவாகிவிட்டது. அவள்தான் வீடு வீடாக நுழைகிறவள். போன மாதம் பாலில் தண்ணீர் என்று செல்லம்மா அவளை ஏசியிருக்கிறாள். போதாதா.

நாலாம் வீட்டுக்காரி: "ஏன்டி, ஒன் மாட்டுக்கு அம்மை வந்தா இன்ஸ்பெக்டர்கிட்ட ஓடுவியா?"

தாயம்மா: "எம் புள்ள மேல ஆணை, எனக்கு ஒண்ணுந் தெரியாது!"

"புள்ளயப் பத்திப் பேசாதடி, நாக்கு அழுகிப் போகும்!"

செம்பைத் தட்டிவிட்டார்கள். பால் சாக்கடையில். எந்த வீடும் இனி அவளிடம் வாங்காதாம். நான் குடத்தோடு நின்றேன். நிரம்பி வழிந்தது. என் குடம் வழிகிறது என்று யாரோ சொன்ன பிறகுதான் எடுத்தேன்.

வைகாசி 20, வியாழன்

தாயம்மா மூன்று நாளாக வரவில்லை. மாட்டைக் கிள்ளான் பக்கம் யாருக்கோ விற்கப் பார்க்கிறாளாம்.

செல்லம்மாவிடம் சொல்லப் போகிறேன் என்று இவரிடம் சொன்னேன்.

"சொன்னா யாருக்கு என்ன நன்மை? செத்தது வருமா? அவளுக்கு ரெண்டாவது தடவை எழவு. நம்ம புள்ளயோட யாரும் வெளையாட மாட்டாங்க. இங்க குடியிருக்க முடியாது."

"தாயம்மா?"

"அவ ஒருத்தி. வேற தெருவில ஊத்திப் பொழச்சுக்குவா. நீயே கூட்டிப் பாரு."

கூட்டிப் பார்த்தேன். அவர் சொல்வதுதான் வருகிறது. அன்றைக்கும் ஒருத்தி, இன்றைக்கும் ஒருத்தி. எப்போதும் மிச்சம் அந்தப் பக்கம்தான். அந்த ஒருத்தி மட்டும் ஒவ்வொரு தடவையும் எங்கேயோ கழிந்து போகிறாள். வாத்தியார் கேட்டபோது நானும்தானே சிரித்தேன்.

அம்மனிடம் கேட்டேன், நீயும் எண்ணித்தான் எடுக்கிறாயா என்று. பூ விழவில்லை.

வைகாசி 22, சனி

மப்பு. மழை இல்லை.

இவர் வேலைக்குப் போனதும் போனேன். செல்லம்மா தனியாக இருந்தாள், முருங்கைக்கீரை உருவிக்கொண்டு. எதிரே உட்கார்ந்தேன். ஒரு கொத்து எடுத்து நானும் உருவினேன். பிறகு சொன்னேன். ஆபீஸ் படி ஏறியது, கதவைத் திறந்தது, எல்லாம். தாயம்மா மேல் பழி இல்லை என்றும்.

அவள் அடிப்பாள் என்று எதிர்பார்த்தேன். அடித்திருந்தால் தேவலை.

"செவ்வாக்கெழமன்னு சொன்னது நீயா?"

"ஆமா."

"நான் இல்லாத நேரமாப் பாத்து?"

"நீ பாக்க வேண்டாம்னுதான் செல்லம்மா. மத்தப் புள்ளைங்க பதினொண்ணு..."

"எனக்கும் எண்ணத் தெரியும் அக்கா. ரெட்டைங்க ரெண்டுக்கும் மருந்து காச்சிக் குடுத்ததே நான்தான்." கீரையை முறத்தில் போட்டாள். "நீ வந்து எங்கிட்ட ஒக்காந்து, இப்ப ஒக்காந்திருக்கியே, இது மாதிரி ஒக்காந்து, புள்ளைங்க இருக்குடி, பயமா இருக்குடின்னு சொல்லியிருந்தா... நானே தூக்கிட்டுப் போயிருப்பேன். அழுதிருப்பேன், ஒன்னை ஏசியிருப்பேன். ஆனா தூக்கிட்டுப் போயிருப்பேன். அவளோட உள்ள இருந்திருப்பேன்."

அவள் சம்மதிக்க மாட்டாள் என்று நானே முடிவு கட்டியிருந்தேன். இரண்டு நாள் யோசித்தேனே, எல்லாரையும் எண்ணினேனே, அவளை ஒரு வார்த்தை கேட்கலாம் என்று தோன்றவே இல்லை.

"போ அக்கா" என்றாள். இப்போதும் அக்கா என்றுதான் சொன்னாள்.

வைகாசி 23, ஞாயிறு

நல்ல மழை. செல்லம்மா நேற்றே தாயம்மா வீட்டுக்குப் போய் வந்திருக்கிறாள். இன்று காலை தாயம்மா வந்தாள். முதல் வீட்டிலிருந்து ஐந்தாம் வீடு வரை ஊற்றினாள். எங்கள் வாசலில் நிற்கவில்லை. லெட்சுமி செம்போடு நின்றுவிட்டு உள்ளே வந்து, "பால்காரக்கா மறந்துட்டாங்கம்மா" என்றாள்.

அரிசிக் கஞ்சி வைத்துக் கொடுத்தேன்.