இன்னொரு டேக் வேண்டாம்

கோரேகாவ், மும்பை
செவ்வாய்க்கிழமை மத்தியானம்

அன்புள்ள மிருணாளுக்கு,

விட்டல் சித்தப்பாவின் ஆசிகள். டேராடூனில் குளிர் தொடங்கியிருக்கும். ஸ்வெட்டர் போடாமல் பாடம் எடுக்கப் பள்ளிக்கூடத்துக்கு ஓடாதே. ஃபோனில் சொன்னால் பாதியிலேயே வைத்துவிடுவாய், அதனால்தான் எழுதுகிறேன். இது மூன்றாவது தாள், முதல் இரண்டையும் கிழித்துப் போட்டேன். மேக்கப் அறையில் உட்கார்ந்து எழுதுகிறேன். தாளில் பவுடர் ஒட்டியிருந்தால் தட்டிவிட்டுப் படி.

உன் அப்பா நன்றாக இருக்கிறார். அதாவது, ஊர் பார்வைக்கு நன்றாக இருக்கிறார். அவருடைய 'கதவு திறக்கட்டும்' டிவி நிகழ்ச்சி அடுத்த வாரம் முடிகிறது. பிரிந்துபோன குடும்பங்களை மேடையில் சேர்த்துவைக்கிற மனிதர், வீட்டில் ஒற்றை ஆளாக அவல் உப்புமா சாப்பிடுகிறார். நேற்று நான் அவருக்குப் பவுடர் போடும்போது, "ஏய் விட்டல், இன்னும் எவ்வளவுதான்டா பூசுவே? ஒரு நாள் கழுவிப் பார்த்தா அடியில யாருமே இருக்க மாட்டாங்க" என்றார். சிரித்தேன். அப்புறம் ரொம்ப நேரம் மனசு சரியில்லை.

நீ பிறந்த வருடம்தான் உன் அப்பா தேவ்ரத் சோந்தியின் முகம் சுவரெல்லாம் ஒட்டியிருந்தது. மூன்று படம் ஓடின, ஒன்பது படம் வரிசையாகப் படுத்தன. கதாநாயகன் கதாநாயகனுக்கு அண்ணனானார், அண்ணன் போலீஸ் கமிஷனரானார், கமிஷனர் இடைவேளைக்கு முன்பே செத்துப்போனார். அதன்பிறகு இரண்டு வருடம் ஃபோனே அடிக்கவில்லை. டிவிக்காரர்கள் வந்தபோது, "அந்தப் பொட்டிக்குள்ள போய் நான் உட்காரணுமா?" என்று கத்தினார். "வீட்ல உட்கார்ந்து என் பருப்புல உப்பு சரியில்லைன்னு சொல்றதுக்கு, அங்கேயே போய் உட்காருங்க" என்று உன் அம்மா நீலம்தான் தள்ளிவிட்டாள்.

முதல் நாள் பதினேழு டேக். கேமராவைப் பார்க்காதே என்று இருபது வருடம் பழகிய கண், திடீரென்று பார் என்றால் பார்க்குமா? ஓரமாக ஓடிக்கொண்டே இருந்தது. இப்போது நன்றாகப் பழகிவிட்டது. எதிரே நிற்கிற ஆளைப் பார்ப்பதுதான் மறந்துவிட்டது. அவர்மேல் உனக்கிருக்கிற குறையும் அதுதானே.

சுற்றி வளைக்கிறேன், தெரிகிறது. விஷயத்துக்கு வருகிறேன். சேனலிலிருந்து உனக்கு விமான டிக்கெட் வந்திருக்கும். அடுத்த வெள்ளிக்கிழமை கடைசி நிகழ்ச்சியில் நீ திடீரென்று மேடைக்கு வர வேண்டும், அப்பாவிடம் மூச்சுவிடக் கூடாது என்று எழுதியிருப்பார்கள். அவருக்கு உண்மையிலேயே எதுவும் தெரியாது. ஆனால் உன்னிடமும் ஒன்றைச் சொல்லியிருக்க மாட்டார்கள். பார்வையாளர்கள் அழுகிற காட்சிகளை இன்று காலையே எடுத்துவிட்டார்கள். காலி மேடையைப் பார்த்து இருநூறு பேர் அழுதார்கள். முன்வரிசையில் ஒரு அம்மா, "யாரு யாரோட சேர்றாங்கன்னு சொன்னா இன்னும் நல்லா அழுவேனே" என்று கேட்டாள். "யாரா இருந்தா என்னம்மா, நீங்க கண்ணைத் துடைங்க" என்று பதில் வந்தது. நீ வருகிறேன் என்று இன்னும் சொல்லக்கூட இல்லை. அதற்குள் உனக்காக அழுது முடித்து, வடா பாவ் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார்கள்.

அப்போதிலிருந்து எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. இரண்டு வருடமாக வாய்க்குள் அடக்கி வைத்திருப்பதைச் சொல்லிவிடுகிறேன்.

அம்மா கண்ணை மூடி அப்போது ஒரு மாதம்கூட ஆகவில்லை. மேடையில் அப்பா அவளைப் பற்றிப் பேசினாரே, அன்று நீ உள்ளே வந்தது இரண்டாவது டேக்குக்கு. முதல் டேக்கை நீ பார்க்கவில்லை. ஒரு கிழவி மகனைக் கட்டிக்கொண்டு அழுததைப் பார்த்து, "நீலம் இருந்திருந்தா இதைப் பார்த்து சந்தோஷப்பட்டிருப்பா" என்றார். எழுதிக் கொடுத்த வரி இல்லை அது. சொல்லிவிட்டு மூக்கு ஒழுக அழுதார். பாழாய்ப்போன கேமராவில் ஃபோகஸ் போய்விட்டது. இயக்குநர் "ஒன்ஸ் மோர்" என்றார்.

அப்பா கிளிசரின் கேட்கவில்லை, மிருணாள். யாருமே கேட்கவில்லை. முப்பது வருடமாக அந்த இரண்டு வார்த்தை காதில் விழுந்தால் என் கால் தானாக ஓடும். ஓடினேன். நிஜமாக அழுதுகொண்டிருந்த மனிதனின் முகத்தைத் துடைத்து, கிளிசரின் பாட்டிலைத் திறந்து நானே தடவினேன். நீ அப்போது பார்த்து உள்ளே வந்தாய். "அம்மாவுக்கும் பாட்டில் கண்ணீர்தானாப்பா?" என்று கேட்டுவிட்டுப் போனாய். அவர் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. நானும் வாயைத் திறக்கவில்லை. கோழை நான், வேறென்ன சொல்ல?

மறுபடி அதே வரியைச் சொல்லி நடித்தாரே என்று திட்டு, நியாயம்தான். ஆனால் பிறகு அந்த முதல் டேக்கைக் கொடுங்கள் என்று எத்தனை பேரிடம் நடையாய் நடந்தார் தெரியுமா? அழித்துவிட்டார்களாம். இனி அதை உனக்கு எடுத்துச் சொல்ல இருக்கிற சாட்சி நான் ஒருவன்தான்.

ஆகவே அந்த டிக்கெட்டைத் திருப்பி அனுப்பிவிடு. ஒரு நாள் முன்னால், வியாழக்கிழமை, அப்பாவின் வர்சோவா வீட்டுக்கு வா. அன்று படப்பிடிப்பு இல்லை. முகத்தில் எதுவும் பூசாமல் இருப்பார். கண்ணுக்குக் கீழே பை தொங்கும், பார்த்துப் பயந்துவிடாதே. நான் அந்தப் பக்கமே வர மாட்டேன்.

மேடைக்கு மட்டும் வராதே, மகளே. நீ நடந்து வந்து, அவர் உன்னைப் பார்த்து அழுது, யாராவது "ஒன்ஸ் மோர்" என்றால்? வெள்ளிக்கிழமை பாட்டிலை எடுத்துப் போக மாட்டேன்தான். ஆனாலும் என் காலை எனக்கே நம்ப முடியவில்லை.

நன்றாக இரு. வியாழக்கிழமை வீட்டுச் சாவி பழைய இடத்திலேயே இருக்கும்.

இப்படிக்கு,
உன் மன்னிப்பைக் கேட்கும்
விட்டல் சித்தப்பா