இன்சூரன்ஸ்காரரிடம் என்னைப் புகழாதே

ஏளா வடிவு,

லாரி இடித்த தோளைச் சோதித்து, ஊனம் எத்தனை சதவீதம் என்று எழுதி வாங்க மெடிக்கல் போர்டுக்குப் போகிறேன். கருவாட்டைப் பூனைக்கு எட்டாமல் மூடி வைத்திருக்கிறேன்.

நேற்று விசாரிக்க வந்தவர் இன்சூரன்ஸ்காரர். அவரிடம் போய், "எங்க வீட்டுக்காரருக்கு என்ன, ஒத்தக் கையால மூட்டை தூக்குவாரு" என்றாய். அதை அவர் கோர்ட்டில் சொன்னால் நஷ்டஈடு கிடைத்த மாதிரிதான். கல்யாணமான நாளிலிருந்து என்னை ஒரு நல்ல வார்த்தை சொல்லாதவள், அவரிடமா சொல்ல வேண்டும்? அதற்குத்தான் கத்தினேன்.

இன்றைக்கும் வருவார். கை தோளுக்கு மேல் எழும்பாது, ஹார்பர் வேலை போச்சு, சட்டைகூட நான்தான் மாட்டிவிடுகிறேன் என்று உள்ளதைச் சொல்லு.

நீ கோபத்தில் எழும்பவில்லை. அதனால் சட்டையை மேலே போர்த்திக்கொண்டே போகிறேன். டாக்டருக்கும் பார்க்கச் சுலபம்.

பி.கு: கேஸ் முடிந்ததும் அந்த மூட்டைக் கதையை இன்னொரு தடவை சொல்லு. உள்ளே படுத்திருந்தேனா, பாதிதான் காதில் விழுந்தது.